கதவில்லாத வாசல்!

கைபர் கணவாய், போலன் கணவாய் என்று ஸ்கூலில் உருப்போட்டிருப்பீர்கள். கோடிட்ட இடத்தை நிரப்பி ஒரு மார்க்கும் வாங்கியிருப்பீர்கள். அதற்கப்புறம் வாழ்க்கையில் ஒரு தடவையாவது கைபர் பக்கம் தலைவைத்துப் படுத்ததுண்டா? முடியாது சார், விசா கிடைக்காது!

விசாவும் வேண்டாம், பாஸ்போர்ட்டும் வேண்டாம், ஒரு பாசஞ்சர் டிக்கெட் போதும் என்கிற மாதிரி ஒரு கணவாய் நம் தமிழ்நாட்டிலேயே இருக்கிறது. ரயிலில் கன்னியாகுமரிக்கு டூர் போன அத்தனை பேரும் அதற்குள் புகுந்துதான் போயிருக்கிறீர்கள். என்ன, அந்த நேரம் பார்த்து எல்லோரும் மேல் பெர்த்தில் இருந்து பெட்டியை இறக்கிக்கொண்டிருப்பீர்கள். நாகர்கோவில் ஜங்ஷன் வரப்போகிறதே!

அந்தக் கணவாயின் பெயர் ஆரல்வாய்மொழி. ஊர்க்காரர்கள் வாயில் ஆராம்பொழி. வெள்ளைக்காரன் நாக்கு சுளுக்கி, ரிக்கார்டில் 'அரம்போலி' என்று எழுதிவைத்தான்.

வாரத்தில் ஆறு நாள், போக ஒன்று வர ஒன்று என்று ரெண்டு தடவை அந்தக் கணவாயைத் தாண்டுகிறவன் நான். வீடு நாகர்கோவில், ஆபீஸ் திருநெல்வேலி, சட்டைப் பையில் சீசன் டிக்கெட். அலெக்சாண்டரும் பாபரும்கூட இத்தனை தடவை கணவாய் தாண்டியிருக்க மாட்டார்கள். ஆகவே இதைப் பற்றி எழுத எனக்குக் கொஞ்சம் பாத்தியதை உண்டு.

மலை எங்கே முடிகிறது?

குஜராத் பக்கம் தப்தி ஆற்றருகே ஆரம்பிக்கிறது மேற்குத் தொடர்ச்சி மலை. ஏறக்குறைய 1,600 கிலோமீட்டர் நெட்டுக்குத் தெற்கே வருகிறது. நடுவில் பாலக்காட்டில் 30, 40 கிலோமீட்டர் அகலத்துக்கு ஒரு பெரிய இடைவெளி. அப்புறம் மறுபடி எழுந்து, செங்கோட்டை - ஆரியங்காவுப் பக்கம் சற்றே தணிந்து, பொதிகை என்று நிமிர்ந்து, கடைசியாக மகேந்திரகிரி என்று ஒரு போடு போடுகிறது. உயரம் 1,600 மீட்டருக்கு மேல். ராக்கெட் என்ஜின்களைச் சோதிக்கும் இஸ்ரோ மையம் இருப்பது அதன் அடிவாரத்தில்தான்.

அதற்குத் தெற்கே மலைக்கு மூச்சு வாங்கிவிடுகிறது. சடாரென்று இறங்கி, தரையோடு தரையாகி, ஒரு சந்து விட்டு, மறுபடி சின்னச் சின்னக் குன்றுகளாக எட்டிப் பார்த்து, மருந்துவாழ்மலையோடு கடலுக்குக் கும்பிடு போட்டு முடித்துக்கொள்கிறது. நடுவில் விட்ட அந்தச் சந்துதான் ஆராம்பொழி. பாலக்காட்டோடு ஒப்பிட்டால் இது வெறும் முடுக்கு. இந்த வாயை அடைக்க முன்பு கட்டியிருந்த மதிலின் நீளமே சுமார் ரெண்டு மைல்தான் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

கணவாய் என்றதும் கொண்டை ஊசி வளைவு, வாந்தி மாத்திரை, 'ஹாரன் அடிக்கவும்' போர்டு எல்லாம் எதிர்பார்த்து வருகிறவர்களுக்குப் பெரிய ஏமாற்றம். கொல்லிமலைக்கு 70 கொண்டை ஊசி வளைவு. இங்கே மருந்துக்கு ஒன்று கிடையாது! திருநெல்வேலியிலிருந்து வருகிற நால்வழிச் சாலை காவல்கிணற்றில் ரெண்டாகப் பிரியும். ஒன்று மலைக்குக் கிழக்காகவே கன்னியாகுமரிக்குப் போய்விடும். இன்னொன்று வலது பக்கம் திரும்பி முப்பந்தல், ஆரல்வாய்மொழி, தோவாளை என்று நாகர்கோவிலுக்குள் வரும். டிரைவர் கியர் மாற்றுவதுகூட மலைக்காக இல்லை, முன்னால் போகிற லாரிக்காகத்தான்.

இவ்வளவு சுலபமாக இருப்பதுதான் இந்த இடத்தின் பெருமையும் தொல்லையும். ஏறாமல் இறங்காமல் மலையைத் தாண்டலாம் என்றால் யார்தான் சும்மா இருப்பார்கள்? காற்று இருக்குமா? ராஜா இருப்பானா? வியாபாரி இருப்பானா?

காற்றுக்கு டோல்கேட் இல்லை

முதலில் காற்று. ஆனி, ஆடி மாதத்தில் முப்பந்தல் பக்கம் ஒரு தடவை பைக்கில் வந்து பாருங்கள். 'ஆடிக் காத்துல அம்மியும் பறக்கும்' என்று சொன்னவர் இந்த ஊர்க்காரராகத்தான் இருக்க வேண்டும். வேட்டி கட்டிக்கொண்டு வந்து இறங்கினீர்களோ, ரெண்டு கையும் வேட்டிக்கே சரியாகிவிடும். பெட்டியைத் தூக்க வேறு ஆள் தேட வேண்டும்.

ஆரல்வாய்மொழியில் ஒரு டீக்கடையில் நின்றேன்.

"என்ன சார், காத்து வாங்க வந்தியளா?" என்றார் கடைக்காரர்.

"ஆமா அண்ணாச்சி. எப்பவுமே இப்படித்தானா?"

"இது என்ன காத்து! ஆடியிலே வந்து பாக்கணும். கூரைத் தகரத்துக்கு மேல கல்லு வைப்போம். கல்லு எங்க போவுதுன்னு பாத்துக்கிட வேற ஆளு வைக்கணும்!"

சிரிக்க வேண்டியதுதான். ஆனால் அந்தக் காற்றுக்குப் பின்னால் கணக்கு இருக்கிறது. வெயிலில் மலைக்குக் கிழக்கே பணகுடி, ராதாபுரம் தரை கொதிக்கிறது. சூடான காற்று மேலே எழும்புகிறது. அந்த இடத்தை நிரப்ப மேற்கே அரபிக் கடலிலிருந்து தென்மேற்குப் பருவக்காற்று ஓடிவருகிறது. வழியில் மலை மறிக்கிறது. கூட்டமெல்லாம் எங்கே போகும்? சினிமா விட்டதும் ஜனம் ஒரே கேட்டில் முண்டியடித்து வெளியே வருகிற மாதிரி, மலை நெடுகிலும் முட்டிய காற்று இந்தச் சந்தில் வந்து நெரிகிறது. அகலம் குறையக் குறைய வேகம் ஏறுகிறது.

அந்த வேகத்தில் இன்னொரு ரகசியமும் உண்டு. காற்றின் வேகம் ரெண்டு மடங்கானால், அதிலிருக்கும் சக்தி ரெண்டு மடங்கு ஆவதில்லை. எட்டு மடங்கு ஆகிறது! அதனால்தான் இந்தச் சந்துக்கு இவ்வளவு கிராக்கி.

தமிழ்நாட்டில் 1986-ல் காற்றாலைப் பரிசோதனைகள் ஆரம்பித்தன. 1990-களில், காற்றாலை வாங்கினால் முதல் வருஷமே அதன் முழு விலையையும் தேய்மானமாகக் கணக்குக் காட்டி வருமான வரியில் கழித்துக்கொள்ளலாம் என்று ஒரு சலுகை. அவ்வளவுதான், கோவை, திருப்பூர் மில்காரர்களுக்கெல்லாம் திடீரென்று முப்பந்தல் மேல் காதல் வந்துவிட்டது! அப்படி முளைத்த காடுதான் இன்று சுமார் 1,500 மெகாவாட் திறனோடு, நாட்டின் மிகப் பெரிய காற்றாலைத் தொகுப்புகளில் ஒன்றாக நிற்கிறது. அன்றைய குட்டிக் காற்றாலைகள் முக்கால்வாசி 200, 250 கிலோவாட். இப்போது நடுகிற ஒன்றே ரெண்டு, மூன்று மெகாவாட். பழசை எடுத்துவிட்டுப் புதுசு நட 2024-ல் தமிழக அரசு தனியாக ஒரு கொள்கையே வெளியிட்டது.

பஸ் ஜன்னலில் இன்னொரு வேடிக்கையும் பார்க்கலாம். காவல்கிணறு பக்கம் பனையும் உடைமரமும் செம்மண்ணும். அரை மணி நேரம் மேற்கே வந்தால் வயலும் தென்னையும் வாழையும். நடுவில் ஸ்கிரீன் மாற்றியது மலை. மழை மேகத்தைத் தன் மேற்குப் பக்கமே பிழிந்துவிட்டு, கிழக்கே வெறும் காற்றை அனுப்பிவைக்கிறது. ஓரவஞ்சனைதான். அதைச் சரிக்கட்ட மனுஷன் ஒரு வழி கண்டுபிடித்தான். 1906-ல் கட்டி முடித்த பேச்சிப்பாறை அணையின் தண்ணீர் தோவாளைச் சானல் வழியாக வந்து, அங்கிருந்து பிரிகிற ராதாபுரம் சானலில் மலைக்குக் கிழக்கே உள்ள குளங்களுக்கும் போகிறது. காற்று சும்மா போகும். தண்ணீருக்குத்தான் வாய்க்கால் வெட்டவும், வருஷா வருஷம் பேச்சுவார்த்தை நடத்தவும் வேண்டியிருக்கிறது!

ஏணி வைத்து ஏறிய மேஜர்

அடுத்து ராஜாக்கள். சேர, சோழ, பாண்டியர் மூன்று பேரும் பந்தல் போட்டுக் கூடிய இடம் என்பதால்தான் முப்பந்தல் என்று பெயர், அவர்களைக் கூட்டிவைத்தது ஔவையார் என்று ஊரில் ஒரு கதை. கதையோ நிஜமோ, மூன்று பேர் பேச்சுவார்த்தைக்கு இடம் தேடினால் எல்லை வாசலில்தானே தேடுவார்கள்? சும்மா சொல்லவில்லை பெரியவர்கள்.

பதினெட்டாம் நூற்றாண்டில் திருவிதாங்கூர் ராஜாக்கள் இந்த வாசலுக்கு மதில் கட்டினார்கள். 1741-ல் குளச்சல் போரில் தோற்றுப் பிடிபட்ட டச்சுத் தளபதி டிலனாய், ஜெயித்த மார்த்தாண்ட வர்மாவிடமே வேலைக்குச் சேர்ந்து கோட்டைகள் கட்டிக்கொடுத்தார். கடலோரத்து வட்டக்கோட்டை அவர் கைவேலைதான். கணவாயை மட்டும் அடைத்தால் எதிரி தெற்கே குன்றுகளைச் சுற்றிக் கடலோரமாக வந்துவிடுவானே! அதனால் மலையிலிருந்து கடல் வரைக்கும் காவல்.

அந்த மதிலுக்குச் சோதனை 1809-ல் வந்தது. இரணியல் பக்கம் தலக்குளத்தில் பிறந்த வேலுத்தம்பி தளவாய், கும்பினிக்காரனை எதிர்த்து ஜனவரியில் குண்டறையில் அறைகூவல் விட்டார். திருநெல்வேலிச் சீமையிலிருந்து கர்னல் செயின்ட் லெஜர் தலைமையில் படை கிளம்பி ஆராம்பொழி வாசலில் வந்து நின்றது. எதிரே மதில், பீரங்கி. நேராகப் போனால் செத்தான்.

வெல்ஷ் என்று ஒரு மேஜர். அவர் மதிலைப் பார்க்கவில்லை, மலையைப் பார்த்தார். ராத்திரியோடு ராத்திரியாக ஏணிகளைத் தூக்கிக்கொண்டு தெற்கு மலையில் ஏறினார்கள். இந்தப் பக்கம் எவன் வரப்போகிறான் என்று காவல்காரர்கள் நினைத்த இடம் அது. பிப்ரவரி 10-ம் தேதி விடிந்தபோது மேலே இருந்த காவல் அரண் கும்பினி கையில். உச்சியிலிருந்து கீழே சுட ஆரம்பித்ததும் மதில் முழுக்க விழுந்தது. அடுத்த சில நாட்களில் உதயகிரியும் பத்மநாபபுரமும் கதவைத் திறந்துவிட்டன. பிடிபடக் கூடாது என்று மண்ணடியில் வேலுத்தம்பி உயிரை விட்டார்.

ஒரு வாசல் போனதும் ஒரு ராஜ்யமே மடங்கிப்போனது. கணவாயில் போகச்செல ஒரு நிமிஷம் இதை நினைத்துப் பாருங்கள்.

பாட்டிக்கு இது பாஸ்போர்ட் ஆபீஸ்

சண்டை போன பிறகு சவுக்கை வந்தது. சவுக்கை என்றால் சுங்கச் சாவடி. திருவிதாங்கூரில் புகையிலையும் மிளகும் சர்க்கார் ஏகபோகம். ஆகவே வண்டிக்காரர் மூட்டையைப் பிரித்துக் காட்ட வேண்டும். திவான் மாதவராவ் காலத்தில், 1865-ல், பிரிட்டிஷ் இந்தியாவோடு ஒப்பந்தம் போட்டுச் சுங்கத்தைப் பெரும்பாலும் எடுத்துவிட்டார்கள். ஆனாலும் எல்லை எல்லைதான்.

என் பாட்டிக்குக் கடைசி வரைக்கும் ஆராம்பொழிக்குக் கிழக்கே எல்லாமே 'பாண்டி'தான். எனக்குத் திருநெல்வேலியில் வேலை கிடைத்தபோது பக்கத்து வீட்டில் சொன்னாள்: "பேரனுக்கு வேலை கிடைச்சிருக்கு கேட்டியளா. ஆனா தூரமாக்கும், பாண்டியிலே!" என்னவோ துபாய் மாதிரி! தூரம் என்ன? ஏறக்குறைய 80 கிலோமீட்டர். வடசேரியில் எண்ட் டு எண்ட் பஸ்ஸில் ஏறி ஒரு தூக்கம் போட்டால் வண்ணாரப்பேட்டை.

சிரித்தாலும், பாட்டி பேச்சில் ஒரு பெரிய சரித்திரம் இருக்கிறது. வெறும் மேப்பை வைத்துப் பார்த்தால் நாஞ்சில் நாடு மலைக்கு 'அந்தப் பக்கம்'. மலைதான் எல்லை என்று கோடு போட்டிருந்தால் நாங்கள் இன்று வேறு மாநிலம். ஆனால் ஜனங்கள் கணவாய் வழியாகவே இருந்தார்கள். கோட்டாறு சந்தைக்கு மூட்டை வந்ததும், பெண் கொடுத்ததும் எடுத்ததும், கொடைக்கு வில்லுப்பாட்டுக்காரர் வந்ததும் அந்தச் சந்து வழியாகத்தான். பேச்சும் அதே வழியாகப் போய் வந்து ஒன்றாகவே இருந்தது.

அதற்கு விலையும் கொடுத்தார்கள். தமிழ்ப் பகுதிகளைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்க வேண்டும் என்று மார்ஷல் நேசமணி தலைமையில் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. 1954 ஆகஸ்ட் 11-ல் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் துப்பாக்கிச் சூடு. உயிர்கள் போயின. 1956 நவம்பர் 1-ல் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் நாலும் சேர்ந்து கன்னியாகுமரி மாவட்டம் பிறந்தது. அன்றோடு ஆராம்பொழி எல்லை என்ற உத்தியோகத்திலிருந்து ரிடையர் ஆனது.

ரயில்தான் கொஞ்சம் சாவகாசமாக வந்தது. 1979-ல் திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவிலுக்கு. 1981-ல்தான் கணவாய்க்குள் நுழைந்து திருநெல்வேலிக்கு. தமிழ்நாட்டோடு சேர்ந்து 25 வருஷம் ஆன பிறகுதான் தமிழ்நாட்டு ரயில்! சர்க்கார் காரியம், மெதுவாகத்தான் நடக்கும்.

பூ உள்ளே... பாறை வெளியே!

இன்று என்ன போகிறது, என்ன வருகிறது?

விடிகாலையில் தோவாளையில் இறங்குங்கள். மூக்கே வழி சொல்லும். மதுரை, திண்டுக்கல் பக்கமிருந்தெல்லாம் வருகிற மல்லி, பிச்சி, ரோஜா, சம்பங்கி எல்லாம் இங்கே வந்து கேரளாவுக்குப் போகிறது. ஓணம் சமயத்தில் நடக்க இடமிருக்காது. பூ விளைவது கிழக்கே, வாங்குகிற கூட்டம் மேற்கே. வாசலுக்குப் பக்கத்தில் கடை போட்டவன் பிழைத்துக்கொண்டான். இந்த ஊர்க்காரர்கள் கட்டுகிற மாணிக்க மாலைக்கு 2025-ல் புவிசார் குறியீடும் கிடைத்திருக்கிறது.

பூவுக்குப் பின்னாலேயே இன்னொன்றும் வருகிறது. டாரஸ் லாரி. தார்ப்பாய்க்குக் கீழே கருங்கல், ஜல்லி, எம்-சாண்ட். கிழக்கே உடைபட்டு, கணவாய் வழியாக நாகர்கோவில், களியக்காவிளை தாண்டிக் கேரளாவுக்கு. விழிஞ்ஞம் துறைமுகத்தில் கடலுக்குள் சுமார் 3 கிலோமீட்டர் அலைதடுப்புச் சுவர் போட்டார்கள். அதற்கும் தமிழ்நாட்டுக் கல் போயிருக்கிறது. துறைமுகம் 2025 மே மாதம் திறந்தாகிவிட்டது. வீடும் ரோடும் கட்டுவது எங்கே நிற்கப்போகிறது? அதிக பாரம், விபத்து, நொறுங்கிய ரோடு என்று மாவட்டத்தில் மறியல் நடந்ததும், லாரிகளுக்கு நேரக் கட்டுப்பாடு வந்ததும் பேப்பரில் படித்திருப்பீர்கள்.

சாயங்காலம் ஸ்கூல் விட்டு சைக்கிளில் வருகிற பிள்ளைகள், அந்த லாரிக்கும் ரோட்டோரத்து மண்ணுக்கும் நடுவில் ஒரு சாண் அகலத்தில் போவதைப் பஸ் ஜன்னலிலிருந்து பார்த்தால் வயிற்றைக் கலக்கும்.

டீக்கடை அண்ணாச்சியிடம் கேட்டேன்: "ஒரு நாளைக்கு எத்தனை லாரி போகும்?"

"எண்ணிட்டு இருந்தா சாயா யாரு ஆத்துவா? ஆனா ஒண்ணு சார். அந்தக் காலத்துலே மலையைத் தாண்டிப் போனாங்க. இப்போ மலையே தாண்டிப் போவுது!"

நாலு பக்கத்தில் நான் சொல்ல வந்ததை மனுஷன் ஒரு கிளாஸ் டீக்குள் அடக்கிவிட்டார்.

யோசித்துப் பாருங்கள். சுவர் இருந்தால்தான் அதில் இருப்பது வாசல். சுவரை எடுத்துவிட்டால் அது வெறும் பொட்டல். மேற்கே மழையைப் பிழிவது மலை. காற்றை நெருக்கி வேகம் கொடுப்பது மலை. அந்தக் காற்றில்தான் ஆலை சுற்றுகிறது, லைட் எரிகிறது. கல் வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. நானும் கான்கிரீட் வீட்டில்தான் இருக்கிறேன். எந்த மலையில், எவ்வளவு, எத்தனை டன் பாரத்தோடு, எந்த நேரத்தில் என்று கறாராகக் கணக்குக் கேட்க வேண்டும். 1865 வரைக்கும் ஒரு புகையிலை மூட்டையை இந்த வாசலில் பிரித்துப் பார்க்காமல் விட்டதில்லை. ஒரு பாறையைப் பிரித்துப் பார்க்க நமக்கு என்ன கஷ்டம்?

போகிறவர்களுக்கு...

திருநெல்வேலியிலிருந்து ரயிலில் போனால் வலது பக்க ஜன்னலைப் பிடியுங்கள். வள்ளியூர் தாண்டினால் மகேந்திரகிரி கூடவே வரும். ஆரல்வாய்மொழி நெருங்கும்போது இடது பக்கமும் மலை எழும். ரெண்டு பக்கமும் மலை தெரிகிற அந்த சில நிமிஷம்தான் கணவாய். செல்போனைக் கீழே வையுங்கள்.

பஸ் என்றால் நாகர்கோவில் வடசேரியில் ஏறுங்கள். பதின்மூன்று கிலோமீட்டர் வாக்கில் ஆரல்வாய்மொழி. காற்று பார்க்க வேண்டும் என்றால் ஜூன், ஜூலை. பைக்கில் வருகிற தம்பிகளுக்கு ஒரு வார்த்தை: முப்பந்தலில் காற்று பக்கவாட்டில் பிடித்துத் தள்ளும். லாரியை ஓவர்டேக் பண்ணும்போது அதன் மறைவில் காற்று நின்றுபோகும், தாண்டின மறு விநாடி ஓங்கி அறையும். வேகத்தைக் குறையுங்கள். முப்பந்தல் இசக்கியம்மன் கோயிலில் டிரைவர்கள் வண்டியை நிறுத்திக் கும்பிட்டுவிட்டுத்தான் போகிறார்கள். பக்தி இல்லாதவர்களும் நிறுத்தலாம். வேகம் தணிய அதுவும் ஒரு வழிதானே!